எழுபது பிள்ளைகள்

தை மாதம் முழுக்க வஹிதா பிள்ளைகளின் கைகளைப் பார்த்தாள். கம்பைநல்லூரைச் சுற்றியிருந்த எட்டு ஊர்களில், பத்து வீட்டுக்கு ஒரு வீடாக நுழைந்து, பத்து வயதுக்குக் கீழே உள்ள ஒவ்வொரு பிள்ளையின் மேற்கையையும் வெளிச்சத்தில் திருப்பிப் பார்ப்பது அவள் வேலை. அம்மை குத்திய தழும்பு இருக்கிறதா, இல்லையா என்று மட்டும் குறித்துக்கொள்ள வேண்டும். சில பிள்ளைகள் சிரித்தன, சில கடித்தன. ஒன்று அவள் துப்பட்டியைப் பிடித்துக்கொண்டு அடுத்த தெரு வரை கூடவே வந்தது.

அது அறுபத்தெட்டாம் வருஷம். தர்மபுரி தனி மாவட்டமாகி இரண்டு வருஷம் தாண்டியிருந்தது. ஆண்கள் போனால் கதவடைக்கிற வீடுகளில் பெண் போனால் உள்ளே விடுவார்கள் என்று, எஸ்.எஸ்.எல்.சி. தேறியிருந்த வஹிதாவைத் தற்காலிகமாக நாலு மாதத்துக்கு எடுத்திருந்தார்கள். அவள் கணவன் முனாப் புளி வியாபாரி. முதல் நாள் அவனே சைக்கிளில் கொண்டுபோய் விட்டான். "நம்ம தெருவுல கவர்மெண்டு வேலைக்குப் போற மொத பொம்பள நீதான்" என்று வழியெல்லாம் சொல்லிக்கொண்டு வந்தான்.

எட்டு ஊரிலும் சேர்த்து எண்ணூறு பிள்ளைகள் என்பது பஞ்சாயத்துக் கணக்கு. வஹிதா பார்த்தது எண்பது பேரை. அவள் பார்த்த ஒரு பிள்ளை பத்துப் பிள்ளைக்குச் சமம். அந்த எண்பதில் இருபது பேருக்குத் தழும்பு இல்லை. அப்படியானால் எண்ணூறில் இருநூறு பேருக்கு இருக்காது. ஹெல்த் இன்ஸ்பெக்டர் தர்மனிடம் அவள் இதைச் சொன்னபோது அவர் மூக்குக்கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிக்கொண்டு, "எண்பதுக்கு இருபது, எண்ணூறுக்கு இருநூறு. சரியாத்தான் இருக்கு" என்றார். இருநூறு பேருக்குக் குத்துவதற்கான மருந்தாக அம்மைப்பால் வரவழைத்தார்.

மாசி கடைசியில் முகாம் தொடங்கியது. மாதேஸ்வரன் என்ற அனுபவசாலி குத்துவார். வஹிதா பிள்ளைகளை வரிசையில் நிறுத்தி, கையைத் துடைத்து, அழுகிறதைச் சமாதானப்படுத்துவாள். எட்டு ஊரும் முடிந்தபோது குத்தியிருந்தது நூற்றி முப்பது பேருக்கு.

"அவ்வளவுதானா?" என்றாள் வஹிதா.

"ஊர் ஊரா தண்டோரா போட்டாச்சு. எல்லா ஊர்லயும் பெரியவங்களைக் கேட்டாச்சு. கல்லடிப்பட்டில பெரியண்ணன்கிட்ட நானே ரெண்டு தரம் கேட்டேன். ஊருல இருக்கிற புள்ளைங்க அத்தனையும் வந்திருச்சுங்கன்னு அடிச்சுச் சொன்னாரு" என்றார் மாதேஸ்வரன்.

"இன்னும் எழுபது பேரு இருக்கணுங்க."

"ஒளிச்சு வெச்சிருப்பாங்க. ஆத்தாளுக்குக் கோவம் வந்துரும்னு சொல்லி குதிருக்குள்ள உக்கார வெச்சவங்களையே நான் பார்த்திருக்கேன்."

தர்மன் கோப்பை மூடி நாடாவைக் கட்டினார். "பாரும்மா, பத்துக்கு ஒண்ணு பார்த்துச் சொல்ற கணக்கு முன்னபின்ன இருக்கத்தான் செய்யும். மேலே முடிஞ்சதுன்னு எழுதிடறேன். அரூர்ல ஒரு லாரி கிளீனருக்குப் பெரியம்மைன்னு தகவல் வந்திருக்கு. எல்லாரும் அந்தப் பக்கம் ஓடிட்டு இருக்கோம்."

முன்னபின்ன என்றால் ஐந்து குறையலாம், பத்துக் குறையலாம். எழுபது குறையுமா? வஹிதா வீட்டுக்கு நடந்தாள். வழியில் பள்ளிக்கூடம் விட்டு வந்த பிள்ளைகளை எண்ண ஆரம்பித்தாள். எண்ணக்கூடாது என்று நிறுத்தினாள். தெருமுனை தாண்டியதும் மறுபடி எண்ணிக்கொண்டிருந்தாள். அரூர் எவ்வளவு தூரம், லாரி அங்கிருந்து எங்கெங்கே நின்றிருக்கும் என்று மனசு ஓடியது.

வீட்டு வாசலில் பாய்களை விரித்துப் புளி காயப் போட்டிருந்தது. முனாப் குந்தி உட்கார்ந்து ஓடு சரியாகப் போயிருக்கிறதா என்று கிளறிக்கொண்டிருந்தான். அவள் சோற்றுக்கு அரிசி களையப் போனாள். பாதியில் விட்டுவிட்டு வெளியே வந்தாள். மறுபடி உள்ளே போனாள்.

"என்ன, காலுல சுடுதண்ணி ஊத்திக்கிட்ட மாதிரி நடக்கறே?" என்றான் முனாப்.

சொன்னாள். அவன் சிரித்தான். "கணக்குல வந்த எழுபது பேரு, கணக்குலயே போயிட்டாங்க. விடு."

"நீங்க தோப்பு குத்தகைக்கு எடுக்கறப்போ எல்லா மரத்தையும் உலுக்கியா பாக்கறீங்க? நாலு மரத்தைப் பார்த்துத்தானே தோப்புக்கே விலை பேசறீங்க? அந்தக் கணக்கு மட்டும் நெசம், என் கணக்கு பொய்யா?"

முனாப்புக்குத் தொழிலைத் தொட்டால் பொறுக்காது. "நாலு மரம்னா எந்த நாலு மரம்? ஓடையோரத்து மரம் ஒரு மாதிரி காய்க்கும், மேட்டு மரம் ஒரு மாதிரி காய்க்கும். எல்லாத்தையும் சேத்து அடிச்சுப் போட்டா மொத்தம் சரியா வந்துரும். ஆனா காய் எந்தப் பக்கம் கிடக்குதுன்னு தெரியுமா? நான் எங்கே ஆளை ஏத்துவேன்? ஓடை மரத்தை ஓடை மரத்தோட வெச்சுப் பாக்கணும், மேட்டு மரத்தை மேட்டு மரத்தோட வெச்சுப் பாக்கணும். சும்மா இருநூறு இருநூறுன்னா?"

வஹிதா பாயோரத்தில் உட்கார்ந்து, புளியங்கொட்டைகளை அள்ளித் தரையில் வைக்க ஆரம்பித்தாள். தழும்பில்லாத பிள்ளை ஒன்றுக்கு ஒரு கொட்டை. ஒவ்வொரு வீடும் அவளுக்கு ஞாபகம் இருந்தது. கதவு, நாய், அழுத பிள்ளை எல்லாம். இந்த ஊரில் ஒன்று, அந்த ஊரில் இரண்டு, இன்னொன்றில் ஒன்றுமில்லை. ஏழு ஊர்களுக்கும் சேர்த்து எட்டுக் கொட்டைதான் செலவாகியிருந்தது. மீதிப் பன்னிரண்டும் ஒரே இடத்தில் குவிந்தன.

"கல்லடிப்பட்டி" என்றாள். "அங்கே நான் பார்த்ததே பதினாறு புள்ளைங்களைத்தான். அதுல பன்னெண்டுக்குத் தழும்பு இல்ல. ஒண்ணுக்குப் பத்துன்னா நூத்தியிருபது பேரு. முகாம்ல அந்த ஊருல குத்தினது அம்பது பேருக்கு." விரலை மடக்கவே தேவையில்லை. "எழுபதும் அங்கதாங்க இருக்கு. மத்த ஊருங்க எல்லாம் சரியா இருக்குது."

முனாப் எழுந்து, வேட்டியில் ஒட்டிய தூசியைத் தட்டி, மாட்டைப் பார்த்துவிட்டு வருகிறேன் என்று கொல்லைப் பக்கம் போய்விட்டான்.

மறுநாள் காலை வஹிதா கல்லடிப்பட்டிக்கு நடந்தாள். மலையடிவாரத்து ஊர். தையில் வந்தபோது பிள்ளைகள் புழுதி பறக்க ஓடிய தெரு இப்போது வெறிச்சோடிக் கிடந்தது. முகாமன்று இந்தப் பக்கத்துத் தெருவுக்கு அவள் வரவில்லை. பிள்ளையார் கோயில் மரத்தடியிலேயே வேலை முடிந்துவிட்டது. இப்போது பார்த்தால் வரிசையாகப் பூட்டு. பூட்டில்லாத கதவுகளில் முள்ளை வெட்டிச் சாத்தியிருந்தார்கள். கிணறு வெட்டும்போது காலை உடைத்துக்கொண்ட அர்ச்சுனன் மட்டும் நிழலில் கட்டிலைப் போட்டுப் படுத்திருந்தான்.

"எல்லாரும் எங்கேங்க?"

"புளி உலுக்கப் போயிருக்காங்க பாயம்மா. மாசி பொறந்ததும் போனா சித்திரைக்குத்தான் வருவாங்க. ஆணு பொண்ணு, புள்ளகுட்டி, கோழி முதக்கொண்டு. ஆம்பளைங்க மரமேறுவாங்க, பொம்பளைங்க ஓடு தட்டுவாங்க, புள்ளைங்க பொறுக்கும். இந்தத் தெருக்காரங்களுக்கு நெலம் கெடையாது, வேற என்ன பண்றது?"

"வருஷா வருஷமா?"

"எனக்குத் தெரிஞ்சு எல்லா வருஷமும் அப்படித்தான்."

வருஷக் கணக்கை முடிக்க வேண்டுமென்று அம்மை குத்துகிறவர்கள் எப்போதும் மாசி பங்குனியில்தான் வருவார்கள். இவர்கள் எப்போதும் மாசி பங்குனியில் ஊரில் இருப்பதில்லை. யாரும் யாரையும் ஒளித்து வைக்கவில்லை. பெரியண்ணன் பொய்யும் சொல்லவில்லை. ஊரில் இருந்த பிள்ளைகள் அத்தனை பேரும் வந்துதான் இருந்தார்கள்.

"எந்தத் தோப்புக்குப் போயிருக்காங்கன்னு தெரியுமா?"

அர்ச்சுனன் அவளை விநோதமாகப் பார்த்தான். "என்னைக் கேக்கறீங்களே? உங்க வூட்டுக்காரருதானே ஆளு கூட்டிட்டுப் போனாரு. வண்டி வெச்சு ஏத்திட்டுப் போனாரே."

திரும்பி வரும் வழியில் அவள் நடக்கவில்லை, ஓடினாள். மூச்சு வாங்கி நின்றால் நேற்று கொல்லைப் பக்கம் போன அவன் முதுகு கண்ணுக்குள் வந்தது. அதனால் நிற்க முடியவில்லை.

முனாப் மண்டியில் மூட்டைகளுக்கு நடுவே நின்றிருந்தான். அவள் வந்த வேகத்தைப் பார்த்து, எடை போட்டுக்கொண்டிருந்த ஆளை டீ குடித்துவிட்டு வரச் சொன்னான்.

"நேத்தே உங்களுக்குத் தெரியும்" என்றாள்.

"நீ ஊர்ப் பேரு சொன்னப்போதான் பொறி தட்டுச்சு. சத்தியமா அதுக்கு முன்னால தோணல."

"தோணின பிறகு?"

அவன் தராசுச் சங்கிலியைப் பிடித்துக்கொண்டு நின்றான். "பாதித் தோப்புதான் ஆயிருக்கு வஹிதா. குத்தினா காய்ச்சல் வரும், புள்ளைங்க சிணுங்கும், பொம்பளைங்க வேலையை விட்டுட்டு மடியில போட்டுக்குவாங்க. வானம் வேற மூடிட்டு இருக்கு. ஒரு மழை விழுந்தா தரையில கிடக்கிறதெல்லாம் கறுத்துப் போகும். பத்து நாள் போகட்டும், நானே உங்கிட்ட சொல்லலாம்னு..."

"அரூர்ல ஒரு லாரி கிளீனருக்கு அம்மைன்னு தெரியுமா?"

அவன் நிமிர்ந்தான். "எந்த லாரி?"

"எனக்கென்ன தெரியும்? வெளியூரு லாரியாம்."

முனாப் மூட்டை மேல் உட்கார்ந்துவிட்டான். "என் லோடு ஏத்த வந்தது ஒரு லாரி. மங்களூர்ப் பக்கத்து வண்டி. லோடு ஏறுற வரைக்கும் கிளீனர் மரத்தடியிலதான் படுத்திருந்தான். காய்ச்சல்னு சொன்னான். கண்ணம்மாள்தான் அவனுக்குக் கஞ்சி காய்ச்சிக் கொடுத்தா. அரூர்ல எறங்கிட்டான்னு டிரைவர் அப்புறம் சொன்னாரு." துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டு, "முந்தாநேத்து நான் போனப்போ குள்ளம்மாளோட பொண்ணுக்கு உடம்பு சுட்டுது. வெயில் காய்ச்சல்னு நெனச்சேன்" என்றான்.

வஹிதாவுக்கு அவனைத் திட்ட வேண்டும் போலிருந்தது. திட்டுவதற்குக் கூட நேரமில்லை என்பதுதான் அவளை இன்னும் அலைக்கழித்தது. "மாட்டைப் பூட்டுங்க" என்றாள். "நான் மாதேஸ்வரன் சாரைக் கூட்டிட்டு வர்றேன்."

தீர்த்தமலைக்குப் போகும் சாலையிலிருந்து பிரிந்து உள்ளே போனால் அந்தத் தோப்பு. வண்டி ஆடி ஆடிப் போனது. மாதேஸ்வரன் அம்மைப்பால் பெட்டியை வெயில் படாமல் ஈரத் துணியில் சுற்றி மடியில் வைத்திருந்தார். மேற்கே மேகம் கறுத்துக்கொண்டு வந்தது. முனாப் அதைப் பார்ப்பதும் மாட்டைத் தட்டுவதுமாக இருந்தான்.

தோப்புக்குள் நுழையும்போதே ஓடு தட்டும் சத்தம் கேட்டது. புடவையைக் கட்டி நிழல் பண்ணியிருந்த இடங்களில் அடுப்புக் கற்கள், சட்டிகள், தூளிகள். பிள்ளைகள் மரத்துக்கு மரம் ஓடிப் பழம் பொறுக்கிக்கொண்டிருந்தார்கள். வஹிதா வண்டி நிற்கும் முன்பே குதித்தாள். முதலில் கையில் சிக்கிய பையனின் கையைத் திருப்பினாள். தழும்பில்லை. அடுத்தவளுக்கும் இல்லை. அதற்கடுத்ததற்கும் இல்லை.

குள்ளம்மாளின் பெண் பாஞ்சாலி கடைசி மரத்தடியில் சாக்கு மேல் கிடந்தாள். ஏழு வயதிருக்கும். முகத்திலும் உள்ளங்கையிலும் முத்து முத்தாகக் கிளம்பியிருந்தது. மாதேஸ்வரன் குனிந்து பார்த்துவிட்டு நிமிர்ந்து, வஹிதாவைப் பார்த்து, பெரியம்மைதான் என்று தலையை அசைத்தார்.

வஹிதா அந்த முகத்தையே பார்த்தாள். தையில் இவளைப் பார்த்தோமா? பார்த்திருந்தால் ஞாபகம் வந்திருக்கும். இல்லை, பார்க்கவில்லை. அவள் நுழைந்த பத்தாவது வீட்டில் இல்லாமல், கடந்துபோன ஒன்பது வீடுகளில் ஏதோ ஒன்றில் இவள் இருந்திருக்கிறாள்.

"ஆத்தா வந்திருக்கா" என்றாள் குள்ளம்மாள். "வேப்பிலை போட்டிருக்கேன்."

"போடுங்க. வேண்டாம்னு சொல்லல. இவளைத் தனியா வெச்சுக்கலாம். மத்த புள்ளைங்களுக்கு இன்னைக்கே குத்தியாகணும்."

பெண்கள் கூடிவிட்டார்கள். அவர்களில் மூத்தவள் கண்ணம்மாள் முந்தானையை உதறிக்கொண்டு முன்னால் வந்தாள். சாமி கோபத்தைப் பற்றி அவள் ஒன்றும் பேசவில்லை. "குத்தினா எங்களுக்கும் நல்லதுதான் பாயம்மா. கைவீங்கிப் படுத்துட்டா புள்ளையை யாரு பாக்கறது, ஓட்டை யாரு தட்டறது? தட்டினாத்தான் கூலி. உங்க வூட்டுக்காரரு இங்கேயே நிக்கிறாரு. அவரைச் சொல்லச் சொல்லுங்க."

எல்லோரும் முனாப்பைப் பார்த்தார்கள். வஹிதா பார்க்கவில்லை. அவள் தரையைப் பார்த்துக்கொண்டு நின்றாள். அவன் ஒரு தரம் வானத்தைப் பார்த்தான், ஒரு தரம் தரையெல்லாம் பரந்து கிடந்த பழத்தைப் பார்த்தான். அப்புறம் சாக்கின் மேல் கிடந்த பெண்ணைப் பார்த்தான்.

"வேலை செஞ்ச மாதிரியே கூலி தர்றேன்" என்றான். "காய்ச்சல் விடற வரைக்கும் யாரும் ஓடு தட்ட வேண்டாம். புள்ளைங்களை வரிசையா நிறுத்துங்க. எனக்கும் குத்திடுங்க சார்."

மாதேஸ்வரன் வேலையைத் தொடங்கினார். வஹிதா துடைத்துக்கொண்டே எண்ணினாள். பெரியவர்களுக்கும் குத்தினார்கள், ஆனால் அவள் எண்ணியது பிள்ளைகளை மட்டும். பாதி முடிவதற்குள் மழை பிடித்துக்கொண்டது. வண்டியைச் சாய்த்து, மேலே சாக்கைப் போட்டு அதனடியில் பெட்டியை வைத்துக்கொண்டார்கள். பிள்ளைகள் நனைந்தபடி வந்தார்கள். வெளியே புளி ஊறிக் கறுத்துக்கொண்டிருந்தது. முனாப் அதன் மேலேயே நடந்து, ஒளிந்திருந்த இரண்டு பிள்ளைகளை இடுப்பில் தூக்கிக்கொண்டு வந்தான்.

பாஞ்சாலியையும் சேர்த்து ஐம்பத்தொன்று.

"அவ்வளவுதானா?" என்றாள் வஹிதா. "இன்னும் பத்தொன்பது பேரு இருக்கணுமே."

மாதேஸ்வரன் விரல்களை உதறிக்கொண்டே அவளைப் பார்த்தார். இந்தத் தடவை அவர் கணக்கைக் குறை சொல்லவில்லை. கண்ணம்மாளிடம் திரும்பி, "வேற யாராச்சும் இருந்தாங்களா?" என்று கேட்டார்.

"நாலு குடும்பம் சண்டை போட்டுட்டுப் போயிருச்சு. ஊத்தங்கரைப் பக்கம் செங்கல் சூளைக்குன்னு சொன்னாங்க. லாரி வந்ததுக்கப்புறந்தான் போனாங்க."

வஹிதா மறுநாளே மாதேஸ்வரனைக் கூட்டிக்கொண்டு ஊத்தங்கரை பஸ் ஏறினாள். சூளை சூளையாக விசாரித்து, மூன்றாவதில் அந்த நாலு குடும்பத்தையும் பிடித்தாள். பதினோரு பிள்ளைகள். ஒன்றுக்குக் கூடத் தழும்பில்லை, நல்ல வேளையாகக் காய்ச்சலும் இல்லை. குத்திவிட்டு வந்தார்கள்.

தோப்பில் இன்னும் இரண்டு பிள்ளைகளுக்குக் கொப்புளம் கண்டது. குத்தியிருந்ததால் லேசாக வந்து போய்விட்டது. பாஞ்சாலி பத்து நாள் கண் திறக்கவில்லை. திறந்தபோது இடது கண்ணில் பூ விழுந்திருந்தது. ஆனால் பிழைத்தாள். சுற்று வட்டாரத்தில் வேறு எங்கும் பரவவில்லை. தர்மன் கோப்பைத் திரும்ப அவிழ்த்து, கல்லடிப்பட்டிக்கு இனிமேல் ஐப்பசியில் போக வேண்டும் என்று மேலே எழுதினார்.

"மிச்சம் எட்டு பேரு சார்" என்றாள் வஹிதா.

"இங்கே பாரும்மா. நீ பதினாறு புள்ளையைப் பார்த்துச் சொன்ன கணக்கு இது. நூத்தியிருபதுன்னா நூத்திப்பன்னெண்டாவும் இருக்கலாம், நூத்திமுப்பதாவும் இருக்கலாம். அந்த எட்டு பேரு எங்கேயோ இருக்கலாம். பொறக்காமயே கூட இருக்கலாம்."

அவர் சொன்னது நியாயம்தான். அதை அவளே இன்னொருவருக்குச் சொல்லித் தரும் அளவுக்கு அவளுக்குப் புரிந்தது. புரிந்ததால் எந்த லாபமும் இல்லை. இல்லாத எட்டுப் பேரும் தொலைந்துபோன எட்டுப் பேரும் வெளியிலிருந்து பார்த்தால் ஒரே மாதிரி இருந்தார்கள். சந்தையில் வெளியூர்க் குடும்பம் எதைக் கண்டாலும் அவள் கால் அந்தப் பக்கம் போனது.

சித்திரையில் அவள் வேலை முடிந்தது. முனாப் அந்த வருஷம் கறுத்த புளியை அடிமாட்டு விலைக்குத் தள்ளினான். ரொம்ப நாள் அவளோடு அளந்துதான் பேசினான். அவளும் அப்படித்தான். கொல்லைப் பக்கம் போன அந்தச் சாயங்காலத்தைப் பற்றி இருவரும் வாய் திறக்கவில்லை.

வைகாசியில் ஒரு நாள், பாக்கி வசூலுக்குச் சிங்காரப்பேட்டைப் பக்கம் போயிருந்த முனாப் மத்தியானமே திரும்பி வந்தான். செருப்பைக் கூடக் கழற்றாமல் வாசலில் நின்றான்.

"அங்கே ஒரு கல்லு உடைக்கிற எடத்துல கல்லடிப்பட்டி ஆளுங்க மாதிரி தெரிஞ்சுது" என்றான். "ரெண்டு குடும்பம். கேட்டா ஆமாங்கறாங்க. சட்டைக் கையைத் தூக்கிப் பார்த்தேன். நாலு புள்ளைங்க. ஒண்ணுக்கும் தழும்பு இல்ல."

வஹிதா உலையை இறக்கி வைத்தாள். "மாதேஸ்வரன் சார்?"

"வழியிலேயே சொல்லிட்டேன். பெட்டியை எடுத்துட்டு நேரா பஸ் ஸ்டாண்டுக்கு வந்துடறேன்னாரு."

அவர்கள் போய்ச் சேர்ந்தபோது பஸ் ஸ்டாண்டில் ஒரு வண்டியும் இல்லை. வெயில் தரையில் அலையாடியது. முனாப் டீக்கடை பெஞ்சில் இடம் பிடித்து, தோளில் கிடந்த துண்டால் தூசியைத் தட்டி, "உக்காரு, வர நேரமாகும்" என்றான்.

வஹிதா உட்காரவில்லை. சாலையைப் பார்த்தபடி, கடைக்கும் மரத்துக்கும் நடுவே நடந்துகொண்டிருந்தாள். கொஞ்ச நேரத்தில் முனாப்பும் எழுந்து வந்து அவள் பக்கத்தில் நின்றுகொண்டான்.